சாட்சிக்குப் பார்த்த படம்

வியாழக்கிழமை மதியம் ‘மயில்’ தியேட்டருக்குப் புதுப் படத்தின் புகைப்படங்கள் எட்டு வந்தன. வாசலில் உள்ள கண்ணாடிப் பெட்டிக்குள் அவற்றைக் குத்தி வைப்பது என் வேலை. ஏழு படங்களைக் குத்தினேன். எட்டாவதை ஸ்வெட்டருக்குள் செருகிக்கொண்டு போய், கழிப்பறைக் கதவைத் தாழிட்டுவிட்டு மறுபடி பார்த்தேன்.

ஒரு லிஃப்ட்டின் தரை. அதில் கழற்றி வைத்த செயற்கைக் கால் ஒன்று. பக்கத்தில் ஒரு பெண்ணின் இடது தொடை. முழங்காலுக்குச் சற்று மேலேயே அது முடிந்துவிடுகிறது. முடியும் இடத்தில் தூண்டில் முள்ளைப் போல வளைந்த தழும்பு. ஓர் ஆணின் கை அதற்கு மிக அருகில் இருக்கிறது. இன்னும் தொடவில்லை.

அந்தத் தழும்பை நான் பிறந்ததிலிருந்து தினமும் காலையில் பார்க்கிறேன். அது என் அம்மாவுடையது.

சாயங்காலம் வீட்டில் அம்மாவிடம் படத்தைக் காட்டினேன். அவள் செருப்புத் தோல் தைத்துக்கொண்டிருந்தாள். ஊசியை எடுக்காமல் அப்படியே வைத்துவிட்டுப் படத்தை ஜன்னல் பக்கம் பிடித்துப் பார்த்தாள்.

“இத வேற யாராச்சும் பாத்தாங்களா?”

“இல்ல.”

“நல்லா எடுத்திருக்கான்” என்றாள்.

பிறகு சொன்னாள். இரண்டு வருடத்துக்கு முன்னால் ஒரு வெளிநாட்டுப் படக்குழு எங்கள் நாட்டுத் தலைநகரான வார்சாவில் வந்து இறங்கியது. படத்தின் பெயர் ‘மூட்டு’. லிஃப்ட் பழுதுபார்க்கிற ஒருவனும் செயற்கைக் கால் வைத்த ஒரு பெண்ணும் காதலிக்கிற கதை. நடிக்கிறவளுக்கு இரண்டு காலும் இருந்தன. அதனால் அருகில் வைத்து எடுப்பதற்கு இடது கால் இல்லாத, நாற்பது வயதை ஒட்டிய ஒரு பெண் வேண்டியிருந்தது. அம்மாவுக்குக் கால் செய்து கொடுக்கிற பட்டறையில் விசாரித்திருக்கிறார்கள். அம்மா போனாள். மூன்று நாள். பெரியம்மாவிடம் கால் அளவெடுக்கப் போவதாகச் சொல்லியிருந்தாள்.

“எனக்கு இத ஒரே ஒரு தடவ பெரிய திரையில பாக்கணும்” என்றாள் அம்மா. “அக்கா பாக்கக் கூடாது. அவ்வளவுதான்.”

நாங்கள் இருப்பது பெரியம்மா வீட்டில். மூன்றாவது மாடி, இரண்டு அறை, லிஃப்ட் கிடையாது. எனக்கு மூன்று வயதானபோது அப்பா போய்விட்டார். போனார் என்பதைத் தவிர அவரைப் பற்றிச் சொல்ல ஒன்றும் இல்லை. பெரியம்மா பெயர் கெனோவெஃபா. எல்லாரும் கெனியா என்பார்கள். ரொட்டிக் கடையில் விடியற்காலை வேலை. அம்மாவுக்குப் பத்தொன்பது வயதில் மோட்டார் சைக்கிள் விபத்தில் கால் போனபோது பெரியம்மாவுக்கு இருபத்தாறு. நாலு மாதம் அந்தப் புண்ணைக் கழுவித் துடைத்துக் கட்டுப் போட்டவள் அவள்தான். அந்த வருடம் அவளுக்குப் பேசி வைத்திருந்த கல்யாணம் நின்றுபோனது. ஏன் என்று யாரும் சொன்னதில்லை. அந்தத் தழும்பு எந்தப் பக்கம் வளைகிறது என்று அம்மாவைவிட அவளுக்கு நன்றாகத் தெரியும். திரையில் அரை நொடி வந்தால் போதும்.

அதோடு பெரியம்மாதான் எங்கள் கோயிலின் உயிருள்ள ஜெபமாலைக்குத் தலைவி. அதில் பதினைந்து பெண்கள். மாதத்தின் முதல் ஞாயிறன்று ஒரு தேயிலை டப்பாவிலிருந்து ஆளுக்கு ஒரு சீட்டு எடுப்பார்கள். சீட்டில் ஒரு தேவ இரகசியம் எழுதியிருக்கும். அந்த மாதம் முழுக்க அவரவர் அதை மட்டும் தினமும் சொல்ல வேண்டும். பதினைந்தும் சேர்ந்தால் ஒரு முழு மாலை. ஒருத்தி விட்டாலும் மாலை அறுந்த மாதிரிதான். அம்மாவும் அதில் ஒருத்தி.

அந்தப் படம் வரப்போகிறது என்று தெரிந்ததும் பங்குச் சாமியார் ஜெபமாலைப் பெண்களைக் கூப்பிட்டார். அரசு வழக்கறிஞருக்கு ஒரு புகார் எழுதி அனுப்பினார்கள். வெள்ளிக்கிழமை ஐந்து மணிக் காட்சிக்கு முன்னால் தியேட்டர் வாசலில் வந்து மண்டியிட்டார்கள்.

நவம்பர் மாதம். நடைபாதை ஈரமாக இருந்தது. ஒவ்வொருத்தியும் வீட்டிலிருந்து ஒரு தலையணையோ மடித்த சாக்கோ கொண்டுவந்து முழங்காலுக்கு அடியில் போட்டுக்கொண்டாள். அம்மாவால் மண்டியிட முடியாது. அதனால் பெரியம்மா அவளிடம் மாதாவின் படத்தைக் கொடுத்து ஓரத்தில் நிற்க வைத்திருந்தாள். பதினாலு பேர் முழங்காலில் இருக்க, அம்மா மட்டும் நின்றபடி, கண்ணாடிப் பெட்டியில் நான் குத்தி வைத்த ஏழு படங்களையும் பார்த்துக்கொண்டிருந்தாள்.

நான் உள்ளே கோட்டு வாங்கி வைக்கும் மேசைக்குப் பின்னால் இருந்தேன். பள்ளிக்கூடத்தை மார்ச்சில் விட்டேன். எழுதச் சொன்னால் எழுதுவேன். எழுந்து நின்று பேசச் சொன்னால் வாய் வராது. இங்கே பேச வேண்டியதில்லை. கோட்டை வாங்கி, எண் போட்ட தகட்டைக் கொடுத்தால் போதும். அன்றைக்குப் பதினோரு கோட்டுகள்தான் வந்தன.

பன்னிரண்டாவது ஸிக்முண்ட் ஐயாவுடையது. படத்தில் பேசுவதெல்லாம் வேற்று மொழி. அவர் பின் வரிசையில் சின்ன விளக்கு வைத்துக்கொண்டு எல்லாருடைய பேச்சையும் எங்கள் மொழியில் மைக்கில் வாசிப்பார். ஆண், பெண், குழந்தை எல்லாவற்றுக்கும் ஒரே குரல். ஓய்வு பெறும்வரை ரயில் நிலையத்தில் அறிவிப்பாளராக இருந்தவர்.

“என்னம்மா எவெல்கா, உங்க குடும்பமே வெளில நிக்குது போல” என்றார். “இருவத்தெட்டு வருஷம் ரயில் லேட்டுன்னு சொன்னேன், என்னைத்தான் மொறைச்சாங்க. இப்ப ‘உன்னை விட்டா எனக்கு யாருமில்ல’ன்னு சொல்றேன், இப்பவும் என்னைத்தான் மொறைக்கிறாங்க.”

ஞாயிற்றுக்கிழமைப் பூசையில் சாமியார் அந்தப் படத்தைப் பற்றி அரை மணி நேரம் பேசினார். லிஃப்ட்டுக்குள் மெழுகுவர்த்தி ஏற்றி வைத்து ஒரு பெண்ணுக்கும் இயந்திரத்துக்கும் கல்யாணம் நடக்கிறது என்றார். கடைசியில் அவள் முழு உடம்பையும் கழற்றிவிடுகிறாள் என்றார். திங்கட்கிழமை இதை ஸிக்முண்ட் ஐயாவிடம் சொன்னேன். அவர் சிகரெட்டை அணைத்தார்.

“அந்தப் படம் எங்க ஓடுதுன்னு கேட்டுச் சொல்லு. நானும் போய்ப் பாக்கறேன். நான் வாசிக்கிறது இவ்வளவு நல்லா இல்ல.”

அன்றைக்குத்தான் வழக்கறிஞர் அலுவலகத்திலிருந்து பதில் வந்தது. புகாரில் கையெழுத்திட்டவர்களில் ஒருவர்கூடப் படத்தைப் பார்த்ததாகத் தெரியவில்லை. பார்த்தவர் எவராவது தாம் கண்டதை எழுதிக் கையொப்பமிட்டால் மட்டுமே மேற்கொண்டு எடுக்க முடியும். சாமியார் பார்க்க முடியாது. யாராவது ஒருத்தி போக வேண்டும்.

சாயங்காலம் பதினைந்து பேரும் எங்கள் வீட்டில் கூடினார்கள். பெரியம்மா தேயிலை டப்பாவை எடுத்து மேசையில் வைத்தாள். இரண்டாம் துக்க தேவ இரகசியம், இயேசு கற்றூணில் கட்டுண்டு அடிபட்டது, யாருக்கு வருகிறதோ அவள் போக வேண்டும். எழுந்த முணுமுணுப்பில் யார் பயந்தார்கள், யார் ஆசைப்பட்டார்கள் என்று பிரிக்க முடியவில்லை.

சீட்டுகளை மடித்து டப்பாவில் போடச் சொன்னது என்னிடம். நான் ஒரு காரியம் செய்தேன். அந்தச் சீட்டின் மூலையை மட்டும் நகத்தால் மடித்தேன். அம்மாவின் விரல்கள் நாள் முழுக்கத் தோல் தைக்கிறவை. தடவியதும் தெரிந்துகொள்வாள். அவள் போய்ப் படத்தையும் பார்த்துவிட்டு, ஏதோ பொதுவாக எழுதிக் கொடுத்துவிடுவாள். பெரியம்மா தியேட்டருக்குள் கால் வைக்க வேண்டியிருக்காது. இவ்வளவும் யோசித்த நான் அம்மாவிடம் சொல்ல மறந்தேன். பெரியம்மாவை யோசிக்கவும் மறந்தேன்.

தலைவிதான் முதலில் எடுப்பது வழக்கம். பெரியம்மா டப்பாவுக்குள் பார்த்தாள்.

“எந்தக் கழுத இத இப்படி மடிச்சு வெச்சிருக்கு?” என்று சொல்லி, மூலை மடிந்த சீட்டை எடுத்து மேசையில் வைத்துக் கட்டை விரலால் நீவி நேராக்கினாள். திருப்பிப் போடப் போனாள்.

“கெனியா!” என்றாள் பவுலீனா. இரண்டாவது மாடிக்காரி. “தொட்டுட்டே. தொட்டா எடுத்ததுதான். போன வருஷம் எனக்கு நீதான் சொன்னே.”

“நான் சும்மா நேராக்கினேன்டி.”

“நானும் அப்ப சும்மாதான் தொட்டேன். ஒரு மாசம் முள்முடி இரகசியத்தச் சொன்னேன்ல?”

பெரியம்மா சீட்டைப் பிரித்தாள். படித்தாள். சிலுவை போட்டுக்கொண்டாள்.

அம்மா எழுந்தாள். “நான் போறேன்க்கா. வெளில நின்னாலும் எனக்கு மண்டி போட முடியல. உள்ள போய் உக்காந்தா காலுக்காச்சும் ஆறுதலா இருக்கும்.”

“கால் இல்லாதவளப் போய் அந்தக் கால் படத்துக்கு அனுப்புவேனா? எனக்கு நெஞ்சுல ஈரமில்லையா?” என்றாள் பெரியம்மா. பிறகு அம்மாவின் பக்கம் திரும்பினாள். “தொணைக்கு வேணா வா, லூட்கா. இருட்டுல நான் தனியா உக்கார மாட்டேன். நீ கண்ண மூடிக்கோ. நான் பாத்துக்கறேன்.”

எல்லாரும் போன பிறகு அம்மாவும் நானும் கோப்பைகளைக் கழுவினோம்.

“சீட்ட மடிச்சது நீதானே?”

“ம்.”

“என்கிட்ட சொல்லியிருக்கலாம்.”

“சொன்னா வேண்டாம்னிருப்பே.”

“ஆமா. சொல்லியிருப்பேன்.” அவள் சிரித்தாள். சிரிக்கவும் தெம்பு இல்லாத சிரிப்பு.

ஏன் அந்தப் படப்பிடிப்புக்குப் போனாய் என்று கேட்டேன். கோப்பையைத் துடைத்துக்கொண்டே நின்றாள்.

“மூணு நாள் இருந்தேன். ஒருத்தர்கூட ‘ஐயோ’ன்னு சொல்லல. லைட் போடறவன் ஒருத்தன், சின்னப் பையன் மாதிரி இருப்பான், ‘இன்னும் கொஞ்சம் இடது பக்கம் திருப்புங்க மேடம், நிழல் அழகா விழுது’ன்னான். இருவத்திரெண்டு வருஷத்துல அதப் பாத்து அழகுன்னு சொன்னது அவன் ஒருத்தன்தான். அதுவும் நிழலத்தான் சொன்னான்.” கோப்பையைக் கவிழ்த்தாள். “அது போதும்னு இருந்துச்சு.”

மறுநாள் காட்சிக்கு முன்னால் ஸிக்முண்ட் ஐயாவிடம் போய் நின்றேன். வாய் வரக் கொஞ்ச நேரம் ஆனது. அந்த லிஃப்ட் காட்சியை மட்டும் இன்றைக்கு விட்டுவிட முடியுமா என்று கேட்டேன். காரணம் சொல்லவில்லை. அவரும் கேட்கவில்லை.

“நான் குரல் மட்டும்தாம்மா” என்றார். “ரயில நிறுத்த எனக்கு அதிகாரமில்ல.”

ஐந்து மணிக்குப் பெரியம்மாவும் அம்மாவும், அன்றும் வாசலில் மண்டியிட்டிருந்தவர்களைத் தாண்டி உள்ளே வந்தார்கள். பெரியம்மா என்னிடம் கோட்டைக் கொடுத்தாள், தகட்டை வாங்கிப் பார்த்து, “பதிமூணாம் நம்பரா குடுக்கறே?” என்று மாற்றி வாங்கினாள். கையில் ஒரு நோட்டு, பென்சில், சாவி வளையத்தில் தொங்கும் சின்ன டார்ச். நடுவரிசையில் உட்கார்ந்தார்கள். நான் பக்கக் கதவை ஒட்டி நின்றுகொண்டேன்.

முதல் ஒரு மணி நேரம் டார்ச் மினுக்மினுக்கென்று எரிந்து அணைந்தது. பெரியம்மா குற்றங்களை எழுதிக்கொண்டிருந்தாள். முத்தம் என்றால் ஒரு வரி. கெட்ட வார்த்தை என்றால் ஒரு வரி. ஸிக்முண்ட் ஐயா ஏசல்களையும் கொஞ்சல்களையும் மூன்றாவது நடைமேடையில் வண்டி நிற்பது போல வாசித்தார். ஒருமுறை பெரியம்மா திரும்பி, “கொஞ்சம் சத்தமா!” என்றாள். அவர் அதே வரியை மறுபடி வாசித்தார். யாரோ சிரித்தார்கள்.

பிறகு லிஃப்ட் இரண்டு மாடிக்கு நடுவில் நின்றது. அந்தப் பெண் தரையில் உட்கார்ந்தாள். அவன் தன் கருவிப் பெட்டியைத் திறந்தான்.

“எங்கே வலிக்கிறது” என்று ஸிக்முண்ட் ஐயா வாசித்தார். அவரே பதிலும் வாசித்தார்: “இல்லாத இடத்தில்.”

அதற்கப்புறம் ஏழு நிமிடம் யாரும் பேசவில்லை. அவன் அந்தக் காலைக் கழற்றினான். முழங்கால் மூட்டைப் பிரித்தான். ஒவ்வொரு திருகாகத் துணியில் வரிசையாக வைத்தான், துடைத்தான், சின்னக் குப்பியிலிருந்து எண்ணெய் விட்டான், மடக்கிப் பார்த்தான், சத்தம் வருகிறதா என்று காதை வைத்துக் கேட்டான். இந்த ஊர் இவ்வளவு சண்டை போட்டது இதற்காகத்தான். பிறகு காலை ஓரமாக வைத்துவிட்டு அவள் பக்கம் திரும்பினான். தன் இரண்டு கைகளையும் சூடேறும்வரை தேய்த்துக்கொண்டான். திரை முழுக்க அந்தத் தொடை வந்தது. தூண்டில் முள் வந்தது. அவன் கை அதன்மேல் படிந்தது. அப்படியே இருந்தது.

டார்ச் எரிந்துகொண்டிருந்தது, ஆனால் பென்சில் ஓடவில்லை. பெரியம்மா முன்வரிசை நாற்காலியைப் பிடித்துக்கொண்டு முன்னால் சாய்ந்திருந்தாள். அம்மா கண்ணை இறுக மூடியிருந்தாள். இரண்டு வருடம் காத்திருந்து, பாதி ஊரை ஏமாற்றி இங்கே வந்து சேர்ந்தவள், அந்த ஏழு நிமிடமும் கண்ணைத் திறக்கவில்லை. பென்சில் கீழே விழுந்து உருண்ட சத்தத்துக்கும் திறக்கவில்லை.

படம் முடிந்ததும் பெரியம்மா என்னிடம் தகட்டை நீட்டினாள். என் முகத்தைப் பார்த்தாள். எனக்கும் தெரியும் என்பதை அப்போதே தெரிந்துகொண்டாள் என்று நினைக்கிறேன். வெளியே பவுலீனா முழங்காலில் இருந்தபடியே கேட்டாள்.

“எப்படி கெனியா? ரொம்ப மோசமா?”

“குளுருது. எந்திரிச்சு வீட்டுக்குப் போங்க.”

மூவரும் வீட்டுக்கு நடந்தோம். படி ஏறும்போது எப்போதும் பெரியம்மா அம்மாவின் முழங்கையைப் பிடித்துக்கொள்வாள். அன்றைக்கு எங்களுக்கு முன்னாலேயே ஏறிப் போய்விட்டாள். அம்மா கைப்பிடியைப் பற்றி ஒவ்வொரு படியாக ஏறினாள். நான் பின்னால் போனேன். உள்ளே போனதும் அம்மா அலமாரியிலிருந்து பையை எடுத்தாள். இரண்டு மேல்சட்டை, தொடையில் போடும் கம்பளி உறைகள், ஊசிப்பெட்டி. எங்கே போவோம் என்று நான் கேட்கவில்லை. அவளுக்கும் தெரியாது. பையைக் கதவுக்குப் பக்கத்தில் வைத்தாள்.

சமையலறையில் பீட்ரூட் சூப் கொதிக்கும் வாசனை வந்தது.

“எவெல்கா, பேப்பர் எடு” என்று பெரியம்மா கூப்பிட்டாள். “என் கையெழுத்து அந்த ஆபீஸ்காரனுக்குப் புரியாது.”

உட்கார்ந்தேன். அம்மா வாசற்படியில் சாய்ந்து நின்றாள். பெரியம்மா அவளைப் பார்க்காமல் கரண்டியால் சூப்பைக் கிளறிக்கொண்டே இருந்தாள்.

“அவன் கை ஜில்லுனு இருந்துச்சா?”

“இல்லக்கா. நெஜமாவே தேச்சுச் சூடு பண்ணிக்கிட்டான். எத்தன தடவ எடுத்தாலும் அத்தன தடவையும்.”

“நான் குழாத் தண்ணியிலதான் தொடச்சேன். ஜனவரி மாசம். தண்ணியச் சுட வெக்கணும்னு எனக்குத் தோணவே இல்ல பாரு. நீ ஒரு வார்த்த சொல்லல.”

“நீ அழுதுக்கிட்டே தொடச்சே. அதுல நான் என்னன்னு சொல்றது.”

“வார்சாவுக்குக் கால் அளவெடுக்கப் போறேன்னு சொன்னே. நான் மூணு நாளைக்கு ரொட்டி கட்டிக் குடுத்தேன்.”

“அதத்தான் சாப்பிட்டேன். அங்க குடுத்த சாப்பாடு சகிக்கல.”

பெரியம்மா அடுப்பை அணைத்தாள். நாற்காலியை இழுத்து என் எதிரே உட்கார்ந்தாள். நோட்டைப் பிரித்தாள். அவள் முகம் ரொட்டிக் கடையில் பண்டிகைக்கு முந்தின நாள் வேலை முடிந்து வரும்போது இருக்குமே, அப்படி இருந்தது.

“எழுது. ‘செவ்வாய்க்கிழமை நான் அந்தப் படத்தைப் பார்த்தேன். அதில் முத்தங்கள் பன்னிரண்டு. கெட்ட வார்த்தைகள் ஒன்பது. அவை எனக்குப் பிடிக்கவில்லை.’ எழுதிட்டியா? ‘எல்லாரும் சொல்லுகிற லிஃப்ட் காட்சியில் மெழுகுவர்த்தி இல்லை. கல்யாணம் இல்லை. ஒரு ஆள் ஒரு பெண்ணின் செயற்கைக் காலைப் பழுது பார்க்கிறான். நன்றாகப் பார்க்கிறான். பிறகு புண் ஆறிய இடத்தில் கையை வைக்கிறான். அதில் புகார் சொல்ல எனக்கு ஒன்றும் இல்லை.’”

“அவ்வளவுதானா பெரியம்மா?”

“அவ்வளவுதான். பேனாவக் குடு.” கையெழுத்துப் போட்டாள். சூப்பை மூன்று தட்டில் ஊற்றினாள். அம்மாவைச் சாப்பிடு என்றும் சொல்லவில்லை, போ என்றும் சொல்லவில்லை. பை கதவோரமே இருந்தது. அம்மா கொஞ்சம்தான் சாப்பிட்டாள்.

புதன் காலை பெரியம்மா கடையில் விடுப்பு கேட்டுக்கொண்டு, அந்தக் காகிதத்தோடு பங்கு அலுவலகத்துக்குப் போனாள். ஒரு மணி நேரம் ஆயிற்று. அம்மா கோட்டைப் போட்டுக்கொண்டு நாற்காலியின் நுனியில் உட்கார்ந்திருந்தாள். படியில் பெரியம்மாவின் காலடி கேட்டதும் எழுந்து நின்றாள்.

பெரியம்மா கதவைத் திறந்தாள். கால் பையில் இடித்தது.

“இத யாரு வழியில வெச்சது? நான் தடுக்கி விழணுமா?” என்று பையைத் தூக்கிப் போய்க் கட்டிலுக்கு அடியில் தள்ளினாள். தலைத்துணியை அவிழ்த்தாள். “சாமியார் ரெண்டு தடவ படிச்சார். ‘நிச்சயமா கெனியா?’ன்னார். ‘பாத்தது நானா நீங்களா சாமி?’ன்னேன். அது அவருக்குப் பிடிக்கல. டப்பாவ பவுலீனாகிட்ட குடுக்கச் சொல்லிட்டார். இனிமே அவதான் தலைவி.”

“அக்கா...”

“விடு. அந்த டப்பாவால எனக்குத் தூக்கமே இல்ல. இனிமே அவ கெடந்து தவிக்கட்டும்.” நாற்காலியில் உட்கார்ந்து காலணியைக் கழற்ற முயன்று, முடியாமல் விட்டாள். பிறகு நிமிர்ந்து அம்மாவைப் பார்த்தாள். “நீ பாக்கல, இல்ல?”

“எதை?”

“கண்ண இறுக்கி மூடிக்கிட்டிருந்தே. நான் பாத்தேன்.”

அம்மா கோட்டின் பொத்தானைக் கழற்றத் தொடங்கினாள்.

“படத்த நாளையோட தியேட்டர்லேர்ந்து எடுத்துடறாங்களாம். இன்னிக்கு அஞ்சு மணிக்குப் போ.”

“வாசல்ல எல்லாரும் இருப்பாங்களே.”

“இருப்பாங்க. நானும்தான் இருப்பேன். முத்தத்துக்கும் ஏச்சுக்கும் நான் ஜெபம் சொல்லக் கூடாதுன்னு யாரும் சொல்லலையே.”

ஐந்து மணிக்கு லேசாகப் பனி விழ ஆரம்பித்தது. நான் கோட்டு மேசையிலிருந்து கண்ணாடிக் கதவு வழியாகப் பார்த்தேன். பவுலீனா இப்போது முன்னால் இருந்தாள். பெரியம்மா கடைசியில், தலையணை கொண்டுவர மறந்து, கைப்பையை முழங்காலுக்கு அடியில் வைத்துக்கொண்டிருந்தாள். அம்மா மாதாவின் படத்தை அவளிடம் கொடுத்துவிட்டுக் கதவைப் பார்த்து நடந்தாள். ஜெபம் நின்றது.

“அவ எங்க போறா?” என்றாள் பவுலீனா.

“என் சாட்சிய சாமியார் நம்பல. இன்னொருத்தி பாத்துட்டு வரட்டும்” என்றாள் பெரியம்மா. “என்ன நிறுத்திட்டே? சொல்லு, அருள் நிறைந்த மரியே.”

அம்மா என்னிடம் கோட்டைக் கொடுத்தாள். தகட்டைக் கொடுத்தேன். அவள் கையைப் பிடித்துக்கொள்ளலாமா என்று நினைப்பதற்குள் உள்ளே போய்விட்டாள். இந்த முறை நான் பக்கக் கதவுக்குப் போகவில்லை. மேசையிலேயே இருந்தேன். சுவருக்கு அந்தப் பக்கம் ஸிக்முண்ட் ஐயாவின் குரல் போய்க்கொண்டே இருந்தது. ஓரிடத்தில் நின்றது. கடிகாரத்தைப் பார்த்தேன். ஏழு நிமிடம் ஏழு நிமிடமாகவே இருந்தது. வாசலில் சொல்லுகிற ஜெபம் கதவிடுக்கு வழியாகக் கேட்டது. பதினாலு குரலில் பெரியம்மாவின் குரலை என்னால் தனியாகப் பிரிக்க முடிந்தது. அவள் குரல் குளிரில் கம்மியிருந்தது.

படம் முடிந்து அம்மா வந்தாள். கோட்டைத் தோளில் போட்டுவிட்டேன். இருவரும் வெளியே போனோம். மற்றவர்கள் கலைந்துகொண்டிருந்தார்கள். பெரியம்மா எழுந்து நின்று, மாதாவின் படத்தின் மேல் விழுந்த பனியைக் கைக்குட்டையால் துடைத்துக்கொண்டிருந்தாள்.

“எப்படி?” என்றாள்.

“கால் நல்லா இருந்துச்சு” என்றாள் அம்மா. “அவ நடிப்புதான் சுமார்.”

பெரியம்மா கைக்குட்டையை மடித்துப் பையில் வைத்தாள்.

“அத நேத்தே சாட்சியில எழுதியிருக்கணும்.”